ரூம்காரர்

சனிக்கிழமை, இரவு பதினொன்றரை.
கொளத்தூர், மூன்றாவது மாடி.
ரூம் போட்டுவிட்டேன்.
கடவுச்சொல்: பழையபாக்கி.
எட்டு இருக்கையில் ஆறு போதும்,
மிச்சம் இரண்டுக்கும் பூட்டு.

நடுவில் ஆறு ஓடும் வரைபடம்.
கூவம் என்று பெயர் வைத்தது ஷம்ஷுத்தீன்.
மீன் துள்ளுகிறதே, அது ஒன்றுதான் இதில் பொய் என்பான்.
ஆளுக்கு இருநூறு தலை.
முதல் இருபது நிமிடம்
எவரும் எவரையும் அடிக்கக் கூடாது.
நான் தட்டி முடிப்பதற்குள் "சரிங்க" என்கிறாள் கோமகள்.
அவள் சரி என்றால்
மதிலை ஒருமுறை சுற்றிப் பார்த்துவிட வேண்டும்.

ஜெபநேசனுக்கு நேரமாகும்.
காசிமேட்டில் ஐஸ் வண்டிகளை எண்ணிக்
கையெழுத்துப் போட்டுவிட்டு வரணும்.
இளம்பரிதிக்கு நிறம் பிடிக்கவில்லை.
பரங்கிமலை ரொசாரியோ பேசவே மாட்டான்,
மூன்று வருடமாக அவன் குரல் தெரியாது.
ரெடி போடுப்பா.
போட்டாச்சு.
எடுத்துட்டியே.
தண்ணி குடிக்கப் போனேன்.
போருக்கு முன்னால் நடக்கும் இந்தப் போரை
எந்தப் பரணியும் பாடவில்லை.

மூன்று குடியானவர், ஒரு குதிரை,
சுற்றிலும் கறுப்பு.
என் வாசலில் மேயும் இரண்டு ஆடுகள்
பார்த்துக்கொண்டிருக்கும்போதே
நீலம் மாறி மஞ்சளாகின்றன.
திரும்பிக்கூடப் பார்க்காமல் நடக்கின்றன.
ஆநிரை கவர
வெட்சி சூடி வந்த காலம் ஒன்று இருந்தது.
இவள் பெரம்பூர் ரயில்வே குவார்ட்டர்ஸில்
முறுக்கு கடித்தபடி,
மைக்கில் நொறுங்கும் சத்தத்தோடு,
"ஆட்டைப் பத்தி ரூல்ல எங்க இருக்கு, ரூம்காரரே?"

இருபத்தோராம் நிமிடம் இளம்பரிதியின் யானைகள்.
இருபத்தொன்பதில் எனக்கு ஊர் இல்லை.

தோற்றவன் போய்ப் படுக்கலாம்.
நான் முடியாது.
ரூம் என் மெஷினில் இருக்கிறது.
நான் எழுந்தால்
காடு, பொன்சுரங்கம், அவர்களின் அத்தனை மதில்,
பாய் சுருட்டினாற்போல் போய்விடும்.
கல்யாண வீட்டுக்காரன் மாதிரி
கடைசிப் பந்தி எழும் வரை நிற்கணும்,
பசிக்கலை என்று சொல்லிக்கொண்டு.

தோற்றவனுக்கு மூட்டம் விலகும்,
அது ஒரு சலுகை.
இப்போது முழு நிலமும் எனக்குத் தெரிகிறது.
ஜெபநேசன் வடக்கு வாசலைத் திறந்துபோட்டு
மும்முரமாய்க் கோதுமை விதைக்கிறான்.
அவன் காட்டுக்குப் பின்னால்
மூச்சு விடாமல் நிற்கின்றன
நாற்பது மஞ்சள் குதிரைகள்.
வாய் வரை வருகிறது.
பார்ப்பவன் பேசக் கூடாது.
அதுவும் நான் போட்ட விதிதான்.

ஒன்று பத்துக்கு மழை வலுத்தது.
தெருவிளக்கு, மின்விசிறி,
எதிர்வீட்டு ஃப்ரிட்ஜின் முனகல்,
மொத்தமாக நின்றன.
பல் டாக்டர் ஒருவர் கழித்துக்கட்டிய யூபிஎஸ்
பீப் என்றது.
எழுதினேன்: கரண்ட் போச்சு. பத்து நிமிஷம் தாங்கும்.
சேமித்து வைத்து அடுத்த வாரம் தொடரலாமா?

யாரும் பதில் சொல்லவில்லை.
பிறகு, கரகரத்து, ஒரு புதுக் குரல்:
"விடுங்க. அடிங்க."
ரொசாரியோ!

அவ்வளவுதான்.
வாசல்கள் எல்லாம் திறந்துகொண்டன.
யானை, கவண், பாதி கட்டிய கப்பல்,
விதைத்துக்கொண்டிருந்தவனைக்கூட
வயலிலிருந்து எழுப்பி அனுப்பினான் ஜெபநேசன்,
கையில் அரிவாளோடு.
ஐந்து நிறமும் கூவத்தின் ஒரே பாலத்தில்.
புதுப்பேட்டையிலிருந்து ஷம்ஷுத்தீன் கத்துகிறான்,
அவன் வீட்டில் யாரோ அவனைத் திட்டுகிறார்கள்.
இருட்டில் என் முகத்தில் மட்டும்
அந்த வெளிச்சம் அடித்து அடித்து அணைந்தது.
பீப்புக்கும் பீப்புக்கும் இடைவெளி குறைந்தது.

கறுப்பு.
மழைச் சத்தம்.

போனில் ஐந்து செய்தி, ஒரே நிமிடத்தில்:
நான்தான் ஜெயிச்சேன்.
நான்தான்.
கோமகள் கேட்டாள்,
"நீங்க பாத்துட்டிருந்தீங்கல்ல, சொல்லுங்க."

பார்த்தேன்.
பாலத்தில் கடைசியாக நின்றது யார் என்று
எனக்குத் தெரியும்.

நெட் முன்னாடியே போயிடுச்சும்மா, பாக்கலை,
என்று அனுப்பினேன்.
அடுத்த சனி, அதே பதினொன்றரை.
கடவுச்சொல்லை மாற்றவில்லை.